மணலுக்குள் ஒரு திருகு

தண்டையார்பேட்டையில் அப்பாவுக்கு ஒரு பட்டறை இருந்தது. ஒரு லேத், ஒரு டிரில்லிங் மெஷின், ஒரு வெல்டிங் செட், அவ்வளவுதான். காசிமேட்டிலிருந்து விசைப்படகுகளின் புரொப்பல்லர் ஷாஃப்ட்டுகள் தேய்ந்தும் வளைந்தும் வரும். அப்பா அவற்றை லேத்தில் பிடித்துச் சரிசெய்து, முனையில் புது மரை போட்டு அனுப்புவார். நாற்பது வயதுக்கு மேல் சர்க்கரை வந்தது. ஐம்பத்தைந்தில் அது கண்ணுக்குப் போனது. லேசர் வைத்தார்கள், ஊசி போட்டார்கள். கடைசியில் வெளிச்சம் எது, நிழல் எது என்று மட்டும் தெரியும் நிலைக்கு வந்துவிட்டார்.

பட்டறையை விற்ற பிறகும் பழைய போல்ட்டுகள் நிரம்பிய ஒரு பெயிண்ட் டப்பா மட்டும் வீட்டில் தங்கிவிட்டது. ஒருநாள் அதிலிருந்து ஒரு போல்ட்டை எடுத்து அவர் கையில் கொடுத்து, "இது இன்னா சைஸு, சொல்லு பாப்போம்" என்றேன். விளையாட்டாகத்தான் கேட்டேன். கட்டைவிரல் நகத்தை மரையின் மேல் ஒருமுறை ஓட்டினார்.

"அரை இன்ச் விட்வொர்த். இன்ச்சுக்குப் பன்னெண்டு மரை. நடுவுல ஒரு எடத்துல அடி வாங்கிகீது."

ஸ்கேல் வைத்து எண்ணிப் பார்த்தேன். பன்னிரண்டு. நடுவில் ஒரு மரை மழுங்கி இருந்தது. நல்ல வெளிச்சத்தில் உற்றுப் பார்த்த என் கண்ணுக்கு அது முதலில் படவே இல்லை.

'விட்வொர்த்' என்பது யார் பெயர் என்று அன்றிரவு தேடினேன். ஜோசப் விட்வொர்த், மான்செஸ்டர்காரர். ஊருக்கு ஊர், பட்டறைக்குப் பட்டறை வேறு வேறாக இருந்த திருகு மரைகளை ஒரே அளவுக்குக் கொண்டுவரச் சொல்லி 1841-ல் ஒரு கட்டுரை வாசித்தவர். திருகுகளின் வரலாற்றில் இப்படி ஒவ்வொரு பக்கமாகப் போய்க்கொண்டிருந்தபோதுதான், அதே 1841-ல் தேம்ஸ் நதி கடலில் கலக்கும் இடத்தில் திருகின் மேல் நின்ற ஒரு கலங்கரை விளக்கத்தில் விளக்கேற்றினார்கள் என்று படித்தேன். அந்தத் திருகைக் கண்டுபிடித்தவருக்குக் கண் தெரியாது.

*

அலெக்சாண்டர் மிட்செல் 1780-ல் டப்ளினில் பிறந்தார். சிறுவயதிலேயே குடும்பம் பெல்ஃபாஸ்ட்டுக்குக் குடிபெயர்ந்தது. பார்வை கொஞ்சம் கொஞ்சமாக மங்கி, 22 வயதில் முழுக்கப் போய்விட்டது. அதன் பிறகுதான் அவர் செங்கல் தொழிலில் இறங்கினார். சூளை போட்டார், கட்டடங்கள் கட்டினார். 1833-ல், தன் 53-ஆம் வயதில், ஒரு காப்புரிமை வாங்கினார். கப்பல்களைக் கட்டிவைக்கக் கடலடி மண்ணுக்குள் திருகி இறக்கும் ஒரு சாதனம் அது. நங்கூரமாகவும் பயன்படும், அஸ்திவாரமாகவும் பயன்படும்.

அது ஏன் பெரிய விஷயம் என்று புரிய, அன்றைய கடலோரத்தின் சிக்கல் தெரிய வேண்டும்.

பாறைமேல் கலங்கரை விளக்கம் கட்டுவது அதற்குள் கைவந்த கலையாகிவிட்டிருந்தது. இங்கிலாந்தின் தென்மேற்கே எடிஸ்டோன் பாறையில் ஜான் ஸ்மீட்டன் 1759-லேயே கல் கோபுரம் எழுப்பிவிட்டார். கல்லோடு கல்லைக் கோத்து, மரத்தின் அடிப்பகுதிபோல அகலமாகக் கட்டினால் அலை அதை அசைக்காது. பாறை இருக்கும் இடத்தில் பாரம்தான் பலம்.

ஆனால் கப்பல்கள் பாறையில் மட்டும் மோதுவதில்லை. மணல்திட்டில் தரைதட்டியும் சாகின்றன. பெரிய துறைமுகங்கள் பலவும் நதிமுகங்களில் இருந்தன. நதிமுகம் என்றால் மணல்தான். மணல்திட்டு இன்றைக்கு ஓரிடத்தில் இருக்கும், பத்து வருஷத்தில் சற்றுத் தள்ளிப் போயிருக்கும். அதன்மேல் கல் கோபுரத்தை வைத்தால் அது தன் பாரத்தாலேயே அமிழும். அமிழாவிட்டாலும் வேறொரு ஆபத்து உண்டு.

மெரினாவில் அலை வந்து திரும்பும் இடத்தில் நின்றிருக்கிறீர்கள்தானே? அலை பின்வாங்கும்போது குதிகாலுக்கு அடியிலிருந்து மணல் அரித்துக்கொண்டு போகும். நாம் அசையாமல்தான் நிற்போம், ஆனாலும் கால் புதையும், உடம்பு சாயும். ஓடும் தண்ணீருக்கு நடுவில் எதை நட்டாலும் இதுதான் நடக்கும். தண்ணீர் அதைச் சுற்றிப் போக வேண்டியிருப்பதால் வேகம் கூடுகிறது. வேகம் கூடிய தண்ணீர் அடிமண்ணைத் தோண்டுகிறது. தடுப்பது எவ்வளவு பெரிதோ, குழியும் அவ்வளவு பெரிது.

அதனால் மணல்திட்டுகளுக்குக் கோபுரம் கிடையாது. விளக்குக் கப்பல்தான். 1730-களில் தேம்ஸ் முகத்தில் நோர் என்ற இடத்தில் முதல் விளக்குக் கப்பலை நிறுத்தினார்கள். கம்பத்தில் விளக்கைக் கட்டி, நங்கூரம் பாய்ச்சி, உள்ளே ஆட்களையும் வைத்துவிடுவார்கள். நங்கூரம் பிடித்திருக்கும்வரை சரி. விளக்கு மிகவும் தேவைப்படும் புயல் ராத்திரியில்தான் நங்கூரமும் இழுபடும். இடம் மாறிய விளக்கு, விளக்கே இல்லாததைவிட மோசம்.

*

மிட்செலின் யோசனை எளிமையானது. மெல்லிய இரும்புக் கம்பம், அதன் அடியில் அகலமான ஒரு திருகுத் தகடு. சுழற்றினால் அது மணலைத் தோண்டி எடுக்காது, வெட்டிக்கொண்டு உள்ளே இறங்கும். பல அடி இறங்கிய பிறகு அந்தத் தகட்டின் மேலும் கீழும் கலையாத மணல் இருக்கும். கம்பத்தின்மேல் பாரம் வைத்தால் தகடு கீழே உள்ள மணலில் பரவலாக உட்காரும். கம்பத்தை மேலே இழுத்தால், தகட்டுக்கு மேலே உள்ள மணல் மொத்தத்தையும் தூக்க வேண்டியிருக்கும். ஒரே பொருள் அஸ்திவாரமாகவும் நங்கூரமாகவும் ஆனது இப்படித்தான்.

கணக்குப் போட்டால் இன்னும் தெளிவாகும். தேம்ஸ் முகத்தில் அவர் இறக்கிய கம்பங்கள் 5 அங்குல விட்டம் கொண்டவை. திருகுத் தகட்டின் விட்டம் 4 அடி, அதாவது 48 அங்குலம். கம்பத்தைவிடத் தகட்டின் பரப்பு தொண்ணூறு மடங்குக்கும் மேல். மணலுக்கு அடியில் யானைப் பாதம்; தண்ணீர் ஓடும் உயரத்தில் நாரையின் கால்.

இதில் இரண்டாவதுதான் எனக்கு முக்கியமாகப் படுகிறது. தண்ணீரை எதிர்த்து நிற்காதே, கால்களுக்கு நடுவே போகவிடு. அலைக்கு மோத இடமில்லை, மணலுக்கு அரிபட அவ்வளவு காரணமில்லை.

அப்பாவிடம் இதைச் சொன்னேன். அவர் கேட்ட முதல் கேள்வி: "அந்தத் திருகுல எத்தினி சுத்து?"

ஏறத்தாழ ஒரு சுற்றுதான் என்றேன். கொஞ்ச நேரம் யோசித்தார். "போதும். இரும்புல இரும்பு புடிக்கணும்னா நெறய மரை வேணும். மண்ணுல நெறய மரை போட்டா மண்ணு கலங்கிப்பூடும். அப்புறம் புடிக்காது."

*

இங்கிலாந்தின் கலங்கரை விளக்கங்களைக் கவனித்துக்கொண்ட அமைப்பு ட்ரினிட்டி ஹவுஸ். அதன் ஆலோசகப் பொறியாளர் ஜேம்ஸ் வாக்கர் மேப்ளின் மணல்திட்டில் இந்த முறையைப் பரிசோதிக்க ஒப்புக்கொண்டார். 1838-ல் மிட்செலும் அவர் மகனும் அங்கே போனார்கள். ஒரு தெப்பத்தின் நடுவே கம்பத்தை நிறுத்தி, மேலே கேப்ஸ்டனைப் பொருத்தி, அதன் தடிகளைத் தள்ளிக்கொண்டு ஆட்கள் சுற்றிச் சுற்றி நடந்தார்கள். செக்கு ஆட்டுவது போலத்தான். எண்கோணத்தின் மூலைகளில் எட்டுக் கம்பங்கள், நடுவில் ஒன்று. ஒவ்வொன்றும் சுமார் 22 அடி மணலுக்குள் இறங்கியது. ஒன்பதையும் ஒன்பது நாளில் முடித்தார்கள்.

அதன் பிறகு ட்ரினிட்டி ஹவுஸ் செய்ததுதான் எனக்குப் பிடித்த பகுதி: ஒன்றும் செய்யவில்லை. கம்பங்களை அப்படியே விட்டுவிட்டு ஏறத்தாழ இரண்டு ஆண்டுகள் காத்திருந்தார்கள். புயல் வந்தது, பனி வந்தது, கம்பங்கள் அசையவில்லை. அதற்குப் பிறகுதான் மேலே வீடும் விளக்கும் வைத்தார்கள். 1841-ல் விளக்கு எரிந்தது.

அந்த இடைவெளியில் இன்னொரு ஊர் முந்திக்கொண்டது. வடமேற்கு இங்கிலாந்தில் ஃப்ளீட்வுட் என்ற புதிய துறைமுக நகரம் எழுந்துகொண்டிருந்தது. ரயில் வரப்போகிறது, அதற்குள் கப்பல் வழிக்கு வெளிச்சம் வேண்டும். அங்கே வைர் நதி முகத்தில் 1839-ல் தொடங்கி 1840 ஜூனில் மிட்செல் விளக்கை ஏற்றிவிட்டார். திருகின்மேல் நின்று எரிந்த முதல் விளக்கு அதுதான்.

இவ்வளவிலும் அவர் உட்கார்ந்த இடத்திலிருந்து உத்தரவு போட்டவர் அல்ல. வேலை நடக்கும் இடத்துக்குப் படகில் போய், பலகைகளின்மேல் நடந்து, கம்பங்களையும் இணைப்புகளையும் கையால் தடவிப் பார்த்துச் சோதிப்பார் என்று அவரைப் பற்றிய நினைவுக்குறிப்புகள் சொல்கின்றன. பார்வை இல்லாமல் எப்படி முடிந்தது என்று வியப்பது சுலபம். எனக்கும் முதலில் அப்படித்தான் தோன்றியது. பிறகு யோசித்தால், கலங்கிய நதிமுகத்தில் இருபது அடி மணலுக்கு அடியில் யாருக்குத்தான் கண் தெரியும்? அங்கே திருகு போகிறதா, கல்லில் முட்டுகிறதா, களிமண்ணைத் தொட்டுவிட்டதா என்பதெல்லாம் தடியைத் தள்ளும் கைக்கு வந்து சேரும் எதிர்ப்பில்தான் தெரியும். அங்கே பார்வையுள்ளவர்களும் அவரும் சமம். அவருக்கு முப்பது வருஷப் பழக்கம் வேறு.

1848-ல் லண்டன் சிவில் பொறியாளர் கழகத்தில் நீரடி அஸ்திவாரங்கள் பற்றிய அவர் கட்டுரை வாசிக்கப்பட்டது. அதற்கு டெல்ஃபோர்ட் பதக்கம் கிடைத்தது. பின்னாளில் அயர்லாந்தின் கார்க் பகுதியில் வசித்தபோது அவருக்கு நண்பராக வாய்த்தவர்களில் ஒருவர் கணித அறிஞர் ஜார்ஜ் பூல். இன்று நம் கையிலிருக்கும் போன்வரை வேலை செய்யும் பூலியன் தர்க்கத்தின் பூல்தான்.

*

தோல்விகளையும் சொல்ல வேண்டும். 1842-ல் டப்ளினுக்கு வெளியே கிஷ் மணல்திட்டில் மிட்செல் ஒரு விளக்கம் கட்டத் தொடங்கினார். பாதியில் புயல் வந்து சிதைத்தது, வேலை கைவிடப்பட்டது. அட்லாண்டிக்குக்கு அந்தப் பக்கம், பாஸ்டனுக்கு அருகே மைனட்ஸ் லெட்ஜ் என்ற பாறையில் அமெரிக்கர்கள் இரும்புக் கால்களில் ஒரு விளக்கத்தை நிறுத்தி 1850-ல் ஏற்றினார்கள். அது திருகுத் தூண் அல்ல; பாறையில் துளையிட்டு நட்ட கம்பங்கள். அலை கால்களுக்கு நடுவே போய்விடும் என்பதுதான் நம்பிக்கை. 1851 ஏப்ரல் புயலில் அது இரண்டு உதவிக் காவலர்களோடு கடலில் விழுந்தது. அதன் பிறகு அந்தப் பாறையில் கல் கோபுரம்தான் கட்டினார்கள். மணலுக்குச் சரியான தீர்வு பாறைக்குச் சரியாக வரவில்லை. ஆனால் அதே அமெரிக்காவில் டெலவேர் விரிகுடாவின் மணலில், பிராண்டிவைன் ஷோலில், 1850-ல் நின்ற திருகுத் தூண் விளக்கம் பல பத்தாண்டுகள் எரிந்தது.

மேப்ளின் விளக்கம் தொண்ணூறு ஆண்டுகள் நின்று, 1932-ல் அடிமணல் அரிக்கப்பட்டு அடித்துக்கொண்டு போகப்பட்டது. ஃப்ளீட்வுட்டில் இருந்தது 1948-ல் தீப்பிடித்துப் பாழடைந்து, 2017-ல் சரிந்தது. அயர்லாந்தின் கோவ் துறைமுகத்தில் 1850-களின் தொடக்கத்தில் மிட்செல் கட்டிய ஸ்பிட் பேங்க் விளக்கம் இன்னும் வேலை செய்கிறது. டைட்டானிக் கடைசியாக ஆட்களை ஏற்றிக்கொண்டது அந்தத் துறைமுகத்தின் வாயிலில்தான்.

*

திருகு இந்தியாவுக்கும் வந்தது. பம்பாய், பரோடா அண்ட் சென்ட்ரல் இந்தியா ரயில்வே தன் ஆற்றுப் பாலங்களை மிட்செலின் திருகுத் தூண்களில்தான் நிறுத்தியது. அதில் பருச் நகருக்கு அருகே நர்மதை மீது போட்ட பாலத்தை வெள்ளம் திரும்பத் திரும்பச் சேதப்படுத்தியது. 1881-ல் அங்கே புதுப் பாலம் திறந்தார்கள்.

நம் ஊருக்கும் வந்தது என்று படித்தபோதுதான் நாற்காலியில் நிமிர்ந்து உட்கார்ந்தேன்.

சென்னைக்கு இயற்கைத் துறைமுகம் கிடையாது. கப்பல்கள் கரைக்கு வர முடியாமல் தூரத்திலேயே நங்கூரம் பாய்ச்சி நிற்கும். ஆளும் சரக்கும் அலைகளைத் தாண்டி மசூலா படகில்தான் வர வேண்டும். ஆணி இல்லாமல் கயிற்றால் பலகைகளைத் தைத்த படகு அது. தரையில் மோதினால் உடையாமல் நெளிந்துகொடுக்கும். அந்த அலைகளுக்கு மேலாகக் கடலுக்குள் நீட்டிக்கொண்டிருக்க ஒரு இரும்புப் பாலம் கட்டினார்கள். சுமார் 1,100 அடி நீளம், திருகுத் தூண்களின்மேல். 1861-ல் அது வந்தது. மிட்செல் அப்போது எண்பதைத் தாண்டியிருந்தார்.

1868 புயல் அதை உடைத்தது. அதே ஆண்டு ஜூனில் பெல்ஃபாஸ்ட் அருகே மிட்செல் இறந்துபோனார். பாலத்தைச் செப்பனிட்டார்கள். 1872 புயல் மறுபடி உடைத்தது. அதற்குப் பிறகு, கால்களில் நிற்பது இந்தக் கடலுக்குச் சரிவராது, கல்லால் சுவர் எழுப்புவோம் என்று முடிவானது. 1876-ல் கடலுக்குள் இரண்டு பெரிய கல் அலைதடுப்புகளைப் போடும் வேலை தொடங்கியது. முடியும் தறுவாயில், 1881 நவம்பர் புயல் அவற்றையும் சிதைத்தது. மறுபடி கட்டினார்கள். இந்தமுறை நின்றது. இன்றைக்கு வரை நிற்கிறது.

இங்கேதான் என் கதை வருகிறது.

சோழமண்டலக் கரையில் மணல் நிற்பதில்லை, நடக்கிறது. ஆண்டின் பெரும்பகுதி அலைகள் சாய்வாக வந்து மணலைத் தெற்கிலிருந்து வடக்கே தள்ளிக்கொண்டே இருக்கும். இரும்புக் கால்களுக்கு நடுவே அந்த மணல் தன் வழியில் போனது. கல் சுவருக்கு முன்னால் அது நின்றுவிட்டது. சுவருக்குத் தெற்கே மணல் சேர்ந்தது, சேர்ந்துகொண்டே இருந்தது. அந்த மணல்தான் மெரினா. 1842-ல் அமெரிக்கப் பனிக்கட்டியை இறக்கிவைக்கக் கடலை ஒட்டிக் கட்டிய ஐஸ் ஹவுஸ் இன்று கடலிலிருந்து எவ்வளவு தள்ளி நிற்கிறது என்று போய்ப் பாருங்கள். துறைமுகத்தின் கிழக்கு வாயிலே மணலால் மேடுதட்டிப்போய், இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் வாயிலை வடகிழக்குக்கு மாற்ற வேண்டியிருந்தது.

தெற்கே நின்றுவிட்ட மணல் வடக்கே போய்ச் சேரவில்லை. ராயபுரம், காசிமேடு, திருவொற்றியூர், எண்ணூர். அலை வழக்கம்போல இங்கிருந்த மணலை எடுத்துக்கொண்டு போனது, பதிலுக்குக் கொண்டுவர ஒன்றும் இல்லை. கரை கரைந்தது. குடிசைகள் போயின, தெருக்கள் போயின. மிச்சத்தைக் காப்பாற்றக் கருங்கல்லைக் கொட்டினார்கள். ஒரு சுவரின் விளைவைத் தடுக்க இன்னொரு சுவர். அது போட்ட இடத்துக்கு வடக்கே அரிப்பு நகர்ந்தது. அங்கும் கல்.

திருகுப் பாலத்தையே வைத்துக்கொண்டிருக்கலாம் என்று நான் சொல்லவில்லை. புயலில் அது உடைந்தது உண்மை. திறந்த கடலில் நீட்டிக்கொண்டிருக்கும் பாலத்தில் பெரிய கப்பல்களைப் பாதுகாப்பாகக் கட்டிவைக்கவும் முடியாது. துறைமுகம் இல்லாமல் இந்த நகரம் இல்லை, அப்பாவின் பட்டறையும் இல்லை. ஆனால் எது தோற்றது, எது ஜெயித்தது என்று எழுதும்போது கணக்கை எங்கே நிறுத்துகிறோம் என்பது முக்கியம். பாலம் உடைந்தபோது பாலம் மட்டும் உடைந்தது. சுவர் உடையாமல் நின்றதற்கான விலையை வேறு யாரோ, சில மைல் வடக்கே, நூறு வருஷமாகக் கட்டிக்கொண்டிருக்கிறார்கள். மெரினாவுக்குப் போகும் எவரும் அந்த ரசீதைப் பார்ப்பதில்லை.

மிட்செலின் பழைய திருகு இப்போது திரும்பி வந்துகொண்டிருக்கிறது. சோலார் பேனல்களை நிறுத்தவும் நடைபாலங்கள் போடவும் உலகெங்கும் திருகுத் தூண்களைப் பயன்படுத்துகிறார்கள். கடலில் மிதக்கும் காற்றாலைகளுக்குத் திருகு நங்கூரம் சரிப்படுமா என்று ஆராய்கிறார்கள். சத்தமில்லாமல் இறங்கும், தேவை முடிந்தால் எதிர்ப்பக்கம் சுழற்றி எடுத்துவிடலாம் என்பவை அதற்குச் சொல்லும் காரணங்கள். கருங்கல்லை அப்படித் திரும்ப எடுக்க முடியாது.

போன மாதம் அப்பாவைத் திருவொற்றியூர்க் கடற்கரைச் சாலைக்குக் கூட்டிக்கொண்டு போனேன். அவர் பிறந்து வளர்ந்தது அங்கேதான். சின்ன வயதில் கபடி ஆடிய மணல் எவ்வளவு அகலம் என்று சொல்லிக்கொண்டே வந்தார். ஆட்டோவிலிருந்து இறக்கிக் கையைப் பிடித்துக்கொண்டேன். கொஞ்ச நேரம் பேசாமல் நின்றார்.

"கல்லுல அடிக்குது."

"ஆமாப்பா. முழுக்கக் கல்லு போட்டுக்கிறாங்க."

"மணல்ல அலை வந்தா இப்டி சத்தம் வராது. வரும்போது ஒரு சத்தம், போம்போது ஒரு சத்தம் கேக்கும். இதுல வர்ற சத்தம் மட்டுந்தான் கீது."

நான் கண்ணை மூடிக்கொண்டு கேட்டுப் பார்த்தேன்.